காத்தாயி சொன்ன ஜப்பான் பேய்க்கதை

புதுக்கோட்டைச் சந்தைப்பேட்டைப் பொட்டலில் தங்கமுத்துவின் படக்கொட்டகை நின்ற காலத்தில், காத்தாயியின் குரலைக் கேட்காதவர்கள் ஊரில் குறைவு. அவள் முகத்தைப் பார்த்தவர்கள் அதைவிடக் குறைவு. திரையில் இருப்பவர்கள் வாயைத் திறந்து திறந்து மூடுவார்கள், சத்தம் வராது. சத்தமெல்லாம் திரைக்குப் பின்னாலிருந்து வரும். ராஜா கர்ஜிப்பார், ராணி கெஞ்சுவாள், மாமியார் கரித்துக்கொட்டுவாள், குதிரை கனைக்கும். அத்தனையும் காத்தாயி.

அன்னவாசலுக்குக் கிழக்கே ஒரு கிராமத்தில் வாழ்க்கைப்பட்டவள் அவள். புருஷன் சிலோன் தேயிலைத் தோட்டத்துக்குப் போய், இரண்டாம் வருஷமே காய்ச்சலில் போய்விட்டான். கடுதாசி வந்தபோது அவளுக்கு இருபத்து நாலு வயசு. காரியத்தன்று நடுவீட்டில் வெள்ளைச் சேலையில் அவளை உட்காரவைத்து, முக்காட்டை மூக்குவரை இழுத்துவிட்டார்கள். அழுது ஓய்ந்த சொந்தபந்தம் சுற்றி உட்கார்ந்து, ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்காமல் இருந்தது. மறுமாசம் கொழுந்தன் நிலத்தில் ஏர் பூட்டினான். அறுப்பு முடிவதற்குள் அவளை வாசலுக்கு வெளியே நிறுத்தினான். ஒரு சேலை மூட்டையோடு அவள் புதுக்கோட்டைக்கு நடந்தே வந்துசேர்ந்தாள்.

கொட்டகையில் கிடைத்த வேலை மணல் பரப்புவது. ஆற்று மணலைக் கொட்டிச் சமப்படுத்தி, சாயங்காலம் தண்ணீர் தெளித்துவிட வேண்டும். தெளிக்காவிட்டால் ஜனம் உள்ளே வரும்போது புழுதி கிளம்பி, மெஷின் வெளிச்சத்தில் புகைமாதிரி நிற்கும். வேலை முடிந்ததும் திரைக்குப் பின்னால் போய் உட்கார்ந்துகொள்வாள். மெல்லிய துணி, முன்பக்கம் விழுகிற படம் பின்பக்கமும் தெரியும், இடது வலது மட்டும் மாறியிருக்கும். ஒவ்வொரு படத்தையும் இருபது முப்பது தடவை இப்படிப் பார்த்திருக்கிறாள்.

அப்போது படத்துக்குக் கதை சொன்னவர் ஆத்மநாதன் என்கிற பழைய வாத்தியார். கோட்டுப் போட்டுக்கொண்டு திரைக்குப் பக்கத்தில் நின்று, பாடம் நடத்துகிற மாதிரிச் சொல்வார். ஒரு ஐப்பசி மாசம் அவருக்குத் தொண்டை கட்டி, பாதிப் படத்தில் காற்றுத்தான் வந்தது. முன்வரிசை சீட்டியடித்தது. திரைக்குப் பின்னாலிருந்து திடீரென்று ஒரு பெண்குரல், "அடப் பாவி, என் பிள்ளையை எங்கிட்டுடா தூக்கிட்டுப் போறே?" என்று அலறியது. திரையில் அந்த நேரம் ஒரு தாய் வாயைத் திறந்திருந்தாள். சீட்டி அடங்கிவிட்டது. தாய்க்குப் பேசியவள் திருடனுக்கும் பேசினாள், போலீஸ்காரனுக்கும் பேசினாள். வாத்தியார் மறுவாரம் திருச்சியில் குமாஸ்தா வேலைக்குப் போய்விட்டார். காத்தாயி கதைசொல்லி ஆனாள்.

தங்கமுத்து கெட்ட மனுஷர் இல்லை, பயந்த மனுஷர். "ஒன் குரலு வெளிய போகட்டும், காத்தாயி. ஆளு வெளிய வரவேணாம்" என்றுவிட்டார்.

"ஏன் மொதலாளி, எனக்கு என்ன மூக்கு இல்லையா, முழி இல்லையா?"

"மூக்கும் முழியும் லட்சணமாத்தான் இருக்கு. கட்டியிருக்கிற சேலையில்ல வெள்ளையா இருக்கு! பணம் குடுத்து உள்ள வர்றவன், உக்காந்ததும் ஒன்னையப் பாத்தா எந்திரிச்சுப் போயிருவான். எனக்கு அந்த நெனப்பெல்லாம் கெடையாது. ஊருக்கு இருக்கே!"

நாலு வருஷம் இப்படிப் போனது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்து நாலாம் வருஷம் சித்திரையில், பினாங்கிலிருந்து மீமிசல்காரன் முத்துராமன் கப்பலில் வந்து இறங்கினான். அங்கே ஒரு ஜப்பான்காரனின் போட்டோக் கடைக்குப் பக்கத்தில் பெட்டிக்கடை வைத்திருந்தவன். அந்தப் போட்டோக்காரன் கடையை மூடிக்கொண்டு ஊருக்குப் போகும்போது ஐந்து தகரப் பெட்டிகளை இவன் தலையில் கட்டிவிட்டுப் போயிருந்தான். உள்ளே பிலிம். அதைச் சுமந்துகொண்டு நேரே கொட்டகைக்கு வந்தான்.

"பேய்ப் படம், அண்ணே. ஜப்பான் பேய். மனுஷன் செஞ்ச வஞ்சனைக்குத் திரும்பி வந்து பழி வாங்குற பேய்."

"எழுத்து எல்லாம்?"

"ஜப்பான் எழுத்துத்தான். பூச்சி பூச்சியா இருக்கும். பினாங்குல ஜப்பான்காரவுங்க கொட்டகை ஒண்ணு இருக்கு, அது வாசல்ல நின்னு கடைசிக் கொஞ்சத்தைத்தான் பாத்தேன். ஒருத்தன் ரொம்பக் கெட்டவன். முடிவுல ஒரு மொட்டைச் சாமியாரு வருவாரு."

மணல் கொட்டிக்கொண்டிருந்த காத்தாயி நிமிர்ந்தாள். "எழுத்துத் தெரியாதவுங்க அங்கிட்டு எப்படித் தம்பி படம் பாப்பாங்க?"

"அங்கயும் ஒங்கள மாதிரி ஒரு ஆளு இருக்காரு, அக்கா. திரைக்கு முன்னாடி, ஒரு மேசையைப் போட்டு, வெளக்கை வச்சுக்கிட்டு, பட்டு உடுத்திட்டு நின்னு சொல்லுவாரு. படத்துல யாரு நடிச்சாங்கன்னு ஒருத்தரும் கேக்க மாட்டாங்க. இன்னைக்கு யாரு சொல்றாங்கன்னுதான் கேட்டுட்டு உள்ள போவாங்க."

காத்தாயி கூடையைக் கீழே வைத்தாள். "முன்னாடியா?"

"முன்னாடிதான்."

அன்று சாயங்காலமே அவள் தங்கமுத்துவைப் பிடித்துக்கொண்டாள். இந்தப் படத்துக்கு நான் முன்னாடி நின்றுதான் சொல்வேன் என்றாள். அவர் ஆகாதென்றார். அப்படியானால் நீங்களே பூச்சி எழுத்தைப் படித்துச் சொல்லுங்கள் என்று முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். கெஞ்சல், மிரட்டல், வெற்றிலைப் பாக்கு எல்லாம் ஆனபிறகு ஒரு ஒப்பந்தத்துக்கு வந்தார்கள். முதல் மூன்று நாள் அவள் பின்னாலிருந்தே சொல்ல வேண்டும். ஒரு சீட்டி கூட விழாமல், ஜனம் வாய்மூடிக் கேட்டுவிட்டுப் போனால் நாலாம் நாள் முன்னால் நிற்கலாம். நடுவில் ஒரு ஏச்சு, ஒரு கூச்சல் கிளம்பினாலும் அந்தப் பேச்சை அவள் ஆயுசுக்கும் எடுக்கக் கூடாது.

"சம்மதமா?"

"எழுதி வாங்கிக்கங்க. என் வாய்க்கு எந்த எடத்துல சீட்டி விழுந்திருக்கு?" என்றாள் காத்தாயி.

அவளுடைய தைரியத்துக்குக் காரணம் இருந்தது. படத்தை ஒரு தடவை பார்த்தால் போதும், கதை அவளுக்குத் தானாகப் பிடிபடும். ஆனால் பார்க்கக் கிடைத்தது முதல் பெட்டி மட்டும்தான். முத்துராமன் ஊரைப் பார்க்க மீமிசல் போயிருந்தான். மெஷின் சுற்றுகிற ராக்கன் முந்தின நாள் ராத்திரி ஒரு பெட்டியைப் போட்டுக் காட்டிக்கொண்டிருக்கும்போதே, விளக்குக்கு வைக்கிற கரிக்குச்சி தீர்ந்துபோனது. மறுநாள் திருச்சியிலிருந்து குச்சி வந்து சேரும்போது ஆட்டத்துக்கு ஒரு மணி நேரம்தான் பாக்கி, ஜனம் வாசலில் குவிந்துவிட்டது; மீதிப் பெட்டிகளைப் பார்க்க வழியில்லை.

அந்த ஒரு பெட்டியில் பார்த்தது இவ்வளவுதான். ஒரு பெரிய வீடு. பாய் விரித்த கூடம். நடுவில் ஒரு சின்னப் பெண், உச்சி முதல் உள்ளங்கால்வரை வெள்ளை. தலையில் முகம் மறைக்கிற வெள்ளை முக்காடு. பக்கத்தில் கறுப்பு உடுத்திய ஒரு ஆண். சுற்றிலும் பெரியவர்கள் தலையைக் குனிந்து, சிரிப்பில்லாமல், அசையாமல் உட்கார்ந்திருந்தார்கள். ஒருத்தி சின்னச் சின்னக் கிண்ணத்தில் என்னமோ ஊற்றிக் கொடுக்க, அந்தப் பெண் இரண்டு கையாலும் வாங்கி உதட்டில் வைத்தாள்.

வழக்கம்போலத் திரைக்குப் பின்னால் இருந்த காத்தாயி துணிக்குக் கிட்டே நகர்ந்து பார்த்தாள். பிறகு, "காரியம்" என்றாள்.

"என்ன காரியம்?" என்றான் ராக்கன்.

"கருமாதிடா. இவ புருஷன் செத்துட்டான். பக்கத்துல இருக்கானே, அவன் கொழுந்தன். மூஞ்சியைப் பாரு, சொத்து எப்பக் கைக்கு வரும்னு உக்காந்திருக்கான்."

"அழுகிறவுக ஒருத்தரையும் காணமே?"

"அழுது முடிச்சிருப்பாக. ஒனக்கென்ன தெரியும்? நான் உக்காந்திருக்கேன் அந்த எடத்துல."

ராக்கன் குனிந்து கைப்பிடியைச் சுற்றினான்.

முதல் நாள், முதல் ஆட்டம். திருக்கோகர்ணத்திலிருந்தும் அன்னவாசல் பக்கமிருந்தும் வண்டி கட்டிக்கொண்டு வந்திருந்தார்கள். ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம், மணல் தெரியாத கூட்டம். ஆயில் இஞ்சின் உறுமியது. வெள்ளை முக்காட்டுப் பெண் திரையில் தெரிந்ததும் காத்தாயி ஆரம்பித்தாள்.

அன்றைக்குப்போல அவள் ஒருநாளும் சொன்னதில்லை. கடுதாசி வந்த நாளைச் சொன்னாள். முக்காட்டுக்குள் மூச்சு முட்டுவதைச் சொன்னாள். கிண்ணத்தில் ஊற்றுகிற பால் தொண்டையில் இறங்காததைச் சொன்னாள். பக்கத்தில் கல் மாதிரி உட்கார்ந்திருந்தவனைக் காட்டி, "அண்ணன் செத்து ஈரம் காயலை, வயக்காட்டை அளக்குறான் பாருங்கய்யா மனசுக்குள்ள!" என்றாள். பெண்கள் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. ஒரு குழந்தை கூட அழவில்லை. முதல் பெட்டி முடிந்து, பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் ராக்கன் அடுத்த பெட்டியை மாட்டும்போது, தங்கமுத்து திரைக்குப் பின்னால் எட்டிப் பார்த்து, முகமெல்லாம் சிரிப்பாகத் தலையை ஆட்டிவிட்டுப் போனார். நாலாம் நாள் நிச்சயம் என்று காத்தாயிக்குத் தெரிந்துவிட்டது. முன்னால் எந்தப் பக்கம் நிற்பது, கையை எங்கே வைத்துக்கொள்வது என்றுகூட யோசித்தாள்.

இரண்டாம் பெட்டி ஓட ஆரம்பித்தது.

அதே பெண். பூப்போட்ட உடுப்பு. குடம் கவிழ்த்த மாதிரிக் கொண்டை, அதில் நாலைந்து ஊசி. சிரிக்கிறாள். அந்தக் கறுப்பு உடுப்புக்காரன் பின்னால் வந்து அவள் கொண்டையில் ஒரு சீப்பைச் செருகுகிறான். அவள் வாயைப் பொத்திக்கொண்டு இன்னும் சிரிக்கிறாள்.

கொட்டகையில் சலசலப்பு எழுந்தது. ஆண்கள் பக்கமிருந்து ஒருத்தன் உரக்கவே கேட்டான்: "ஏத்தா கதைக்காரி! தாலியறுத்தவ எப்பிடி சீவிச் சிங்காரிச்சிருக்கா? தலையில சீப்பு வைக்கிறவன் கொழுந்தன்தானே?"

காத்தாயிக்கே காரணம் தெரியவில்லை. ஆனாலும் நாலு வருஷப் பழக்கம் விடுமா? "மருந்து வச்சுட்டான் மக்களே! பாவி, சோத்துல மருந்து வச்சு அவ புத்தியை மாத்திப்புட்டான்!" என்றாள்.

"மருந்தா? அவ பல்லைப் பாத்தா மருந்து வச்ச மாதிரியா இருக்கு?"

முதல் சீட்டி விழுந்தது. தொடர்ந்து இரண்டு மூன்று. திரையில் அந்தப் பெண் சோறு போடுகிறாள், விசிறிவிடுகிறாள். ஒவ்வொன்றுக்கும் கீழிருந்து ஒரு ஏச்சு. பெண்கள் பக்கமும் சேர்ந்துகொண்டது. "தூ, வெக்கங்கெட்ட சிறுக்கி!" என்று யாரோ மணலில் துப்பினாள். காத்தாயி எதைச் சொன்னாலும் எடுபடவில்லை. நாணல் அடர்ந்த ஏரியில் அவன் படகு தள்ளுகிறான். அவள் குனிந்து தண்ணீரில் கை அளைகிறாள். அவன் பின்னாலிருந்து அவள் கழுத்தைப் பிடிக்கிறான்.

"அமுக்குடா! நல்லா அமுக்கு!" என்றது முன்வரிசை.

ஒரு கை தண்ணீருக்கு மேலே தெரிந்தது, பிறகு அதுவும் இல்லை. ஜனம் கைதட்டியது. இரண்டாம் பெட்டி முடிந்தது.

காத்தாயி பின்னால் மணலில் உட்கார்ந்திருந்தாள். கைதட்டல் அவளைச் சுட்டது. ஒரு பாவமும் அறியாத பெண்ணை, சாகிறதற்குக் கைதட்டுகிற அளவுக்கு, அவளே கொண்டுவந்து விட்டிருந்தாள். எங்கே பிசகினோம் என்று மட்டும் விளங்கவில்லை.

அப்போது சாயங்கால பஸ்ஸில் வந்து இறங்கிய முத்துராமன், கையில் பையோடு பின்பக்கம் ஓடிவந்தான். "அக்கா, வாசல்ல டிக்கெட் கிழிக்கிறவரு சொன்னாரு. கருமாதின்னா சொன்னீங்க? ஐயையோ, அது கல்யாணங்க்கா!"

"எது கல்யாணம்?"

"வெள்ளை உடுத்தி, கிண்ணத்துல குடிக்கிறாங்களே, அது. போட்டோக் கடைக் கண்ணாடியில நெறையா மாட்டி வச்சிருப்பான். அந்த ஊருல கல்யாணப் பொண்ணுக்கு வெள்ளைதான். பொண்ணும் மாப்பிள்ளையும் மாத்தி மாத்திக் குடிச்சா, நம்மூருல தாலி கட்டுன மாதிரி."

"அப்ப அவன்?"

"புருஷன். கட்டுன புருஷன்."

தங்கமுத்துவும் வந்துவிட்டார். முகம் வேர்த்திருந்தது. "நடந்தது நடந்துபோச்சு. இன்னும் மூணு பொட்டி கெடக்கு. செத்தவ வேற ஒருத்தி, ரெட்டைப் பொறப்புன்னு எதையாச்சும் சொல்லி ஓட்டிரு. ஒனக்கா தெரியாது? நாலாம் நாளு பேச்சை மட்டும் மறந்துரு."

காத்தாயியால் ஓட்ட முடியும். ரெட்டைப் பிறவியை வைத்து மூன்று பெட்டி என்ன, பத்துப் பெட்டி ஓட்டுவாள். தலையை ஆட்டினாள். தங்கமுத்து போனார். மூன்றாம் பெட்டி ஆரம்பித்தது.

நாணல் அசைந்தது. தண்ணீரிலிருந்து அவள் எழுந்து வந்தாள். அவிழ்ந்த கூந்தல், ஈரம் சொட்டும் வெள்ளை உடை, ஆடாத கண். படகுத்துறையில் கால் படாமல் நின்றாள்.

யாரும் பயப்படவில்லை. "வந்துட்டாடோய்! செத்தும் கொழுந்தனை விட மனசில்லை!" என்றான் முன்வரிசைக்காரன். கொட்டகை முழுக்கச் சிரித்தது.

காத்தாயி எழுந்தாள். எதையும் யோசித்ததாக அவளுக்கு நினைவில்லை. திரையின் ஓரத்தைத் தள்ளிக்கொண்டு, நாலு எட்டு வைத்து, கூட்டத்தைப் பார்த்து நடுவில் வந்து நின்றாள்.

மெஷின் வெளிச்சம் அவள்மேல் கொட்டியது. அவளுடைய வெள்ளைச் சேலையில் பேயின் வெள்ளை விழுந்தது. பேயின் முகம் அவள் முகத்தின்மேல் அலைந்தது. திரையிலிருந்து ஆள் இறங்கி வந்துவிட்டதென்று எல்லாருக்கும் பட்டிருக்க வேண்டும். பெண்கள் பக்கம் ஒரே அலறல். முன்வரிசைக்காரன் எழுந்து, பின்வரிசை ஆள்மேல் ஏறி மிதித்துக்கொண்டு ஓடினான். ராக்கன் மெஷின் கைப்பிடியை விட்டுவிட்டான். படம் நின்றால் பிலிம் பற்றிக்கொள்ளும் என்கிற பயம் அதைவிடப் பெரிதாக வந்து, வெளிச்சத்துக்கு மூடியைப் போட்டான். இருட்டு. யாரோ பெட்ரோமாக்ஸை ஏற்றினார்கள்.

"ஓடாதீங்க. நான்தான். இம்புட்டு நேரமும் பேசுனவ" என்றாள் காத்தாயி.

குரலைக் கேட்டதும் ஓடியவர்கள் நின்றார்கள். இத்தனை வருஷம் ராணியாகவும் திருடனாகவும் கேட்ட குரல், மணல் கொட்டுகிற ஒரு பொம்பளையின் வாயிலிருந்து வந்தது.

"நான் ஒங்களுக்குத் தப்பாக் கதை சொல்லிட்டேன். முதல்ல பாத்தது கருமாதி இல்லை, கல்யாணம். அவன் கொழுந்தன் இல்லை, புருஷன். அவ சீவினதும் சிரிச்சதும் கட்டுன புருஷனுக்கு முன்னாடி. அவன் எதுக்கு அமுக்குனான்னு அந்தப் பூச்சி எழுத்துக்குத்தான் வெளிச்சம். வெள்ளையைப் பாத்ததும் என் புத்தி என் வீட்டுக்கே போயிருச்சு. தப்பு என்னோடது. அவ ஒரு தப்பும் பண்ணலை."

நின்றவர்கள் சிலர் திரும்பி வந்தார்கள். பிறகு பெண்கள் பக்கம் முன்னால் உட்கார்ந்திருந்த செவந்தி, சந்தையில் கீரை விற்கிறவள், எழுந்து நின்றாள். "கல்யாணத்துக்கு வெள்ளையா? என்னடி கருமம் பிடிச்ச ஊரு?"

"அந்த ஊரு வழக்கம் அது. ஒங்க வீட்டுக் கல்யாணத்துல அவுக வந்து பாத்தா, செகப்புக் கட்டி எதுக்கு உக்காந்திருக்கான்னு அவுகளும்தான் கேப்பாக."

"அப்படின்னா ஒன்னைய மாதிரி ஆளு அங்கிட்டுப் போனா?"

காத்தாயி தன் சேலையைக் குனிந்து பார்த்தாள். "நான் இப்படியே கப்பலேறிப் போனேன்னா கல்யாணப் பொண்ணுடி, செவந்தி! எறங்குனதும் மாப்பிள்ளை தேடுவாக!"

முதலில் சிரித்தது செவந்திதான். சிரிப்பு பெண்கள் பக்கம் முழுக்க ஓடி, ஆண்கள் பக்கம் தாவியது. ஓடிய முன்வரிசைக்காரன் வேட்டியை இறுக்கிக்கொண்டு திரும்பி வந்து உட்காரப்போனான். காத்தாயி அவனை விடவில்லை.

"தம்பி, அமுக்குன்னு சொன்னது நீதானே?"

அவன் தலையைச் சொறிந்தான். "கொழுந்தன்னு நெனச்சில்ல ஆத்தா..."

"இப்ப?"

"இப்ப... அவன் கட்டையில போக!"

"இந்தா, இனிமே பாரு. ராக்கா, சுத்து."

"எங்கிட்டிருந்து சுத்த?" என்றான் ராக்கன், மூடியை எடுத்துக்கொண்டே.

"தண்ணிக்குள்ள இருந்து எந்திரிப்பாளே, அங்கிட்டிருந்து சுத்து."

அவள் பின்னால் போகவில்லை. திரைக்கு ஓரமாக, வெளிச்சம் படாத இடத்தில் நின்றுகொண்டாள். அவள் வாழ்க்கையில் முதல்தடவையாகப் படத்தை நேராகப் பார்த்தாள். வலது கை வலது கையாக இருந்தது. அதற்கே இரண்டு நிமிஷம் தடுமாறினாள். நாணல் மறுபடி அசைந்து, அந்தப் பெண் எழுந்து வந்தபோது கொட்டகையில் ஒரு சின்ன இருமல்கூட இல்லை.

பழி வாங்குவதைக் காத்தாயி அவசரமில்லாமல் சொன்னாள். அவன் குடிக்கத் தண்ணீர் எடுக்கிறான், செம்பில் அவள் முகம். குளிக்கப் போகிறான், தொட்டியில் அவள் முகம். வீட்டிலிருக்கிற பானை சட்டியை எல்லாம் கவிழ்க்கிறான்; மழை வந்து முற்றமெல்லாம் தண்ணீர், தண்ணீரெல்லாம் அவள். அவள் கையை ஓங்கவில்லை, கடிக்கவில்லை, பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தாள். ஐந்தாம் பெட்டியில் அவனே தாகத்தோடு ஏரிக்குப் போய், தானே நாணலுக்குள் இறங்கினான். "வாடா என் ராசா, தண்ணி வேணுமா?" என்று காத்தாயி மெல்லக் கேட்டபோது, அமுக்கு என்று சொன்னவன் பக்கத்து ஆளின் கையைப் பிடித்துக்கொண்டான்.

அப்புறம் மொட்டைச் சாமியார் வந்தார். கரையில் உட்கார்ந்து மணி உருட்டினார், வாய் அசைந்தது. அந்தப் பெண் அவரைப் பார்த்துக்கொண்டே புகைமாதிரிக் கரைந்தாள்.

"அந்த ஆளு எதுக்கு அவளைப் போகச் சொல்றாரு?" என்று செவந்தி சண்டைக்கு வந்தாள். "அவ எடம் அது!"

ஒரு நாழிக்கு முன்னாலென்றால் காத்தாயி இதற்குப் பத்துப் பதில் வைத்திருப்பாள். இப்போது வாசல் பக்கம் திரும்பி, "முத்துராமா, இவரு என்ன தம்பி சொல்றாரு?" என்று கேட்டாள்.

"தெரியலைக்கா. அன்னைக்கு அந்தக் கொட்டகையில இந்த எடம் வந்ததும் எல்லாரும் கும்பிட்டாங்க."

"இவரு சொல்றது நமக்கு வெளங்கலை" என்றாள் காத்தாயி கூட்டத்தைப் பார்த்து. "அந்த ஊர்க்காரவுக இந்த எடத்துல கும்பிட்டாகளாம். எனக்குத் தெரிஞ்சது அம்புட்டுத்தான்."

பெண்கள் பக்கம் ஒரு கிழவி குலவையிட்டாள். இன்னும் நாலு பேர் சேர்ந்துகொண்டார்கள். படம் முடிந்தது.

கூட்டம் கலைந்ததும் தங்கமுத்து வந்தார். கோபப்படுவதா வேண்டாமா என்று அவருக்கே முடிவாகவில்லை. "சீட்டி விழுந்துச்சா, இல்லையா?"

"விழுந்துச்சு."

"கூச்சல்?"

"அதுவும்தான்."

"என்னையக் கேக்காம முன்னாடி வந்து வேற நின்னுட்டே. ஒப்பந்தம் என்ன?"

"ஆயுசுக்கும் அந்தப் பேச்சை எடுக்கக் கூடாது." காத்தாயி ஒப்புக்கொண்டாள். "எடுக்கலை மொதலாளி. நாளைக்கு மணலைக் கொட்டிட்டுப் பேசாம உக்காந்துக்கிறேன். நீங்க வேற ஆளை வச்சுச் சொல்லிக்கங்க. பின்னாடி இருந்து மட்டும் இனிமே எனக்குச் சொல்ல வராது. தப்புச் சொன்னா அங்கிட்டிருந்து ஏன்னு கேக்குறவுக மூஞ்சி தெரியணும். தெரிஞ்சிருந்தா அந்தப் பொண்ணை இம்புட்டு ஏச்சுக் கேக்க விட்டிருப்பேனா?"

அவர் பெட்ரோமாக்ஸை எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போனார்.

மறுநாள் மத்தியானம் அவள் மணலைக் கொட்டிச் சமப்படுத்தினாள். சாயங்காலம் தண்ணீர் தெளித்தாள். பிறகு வாசல் தூணோரமாகப் போய், வெற்றிலையை மடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். திருச்சி ஆத்மநாதனுக்குத் தங்கமுத்து ஆள் அனுப்பியிருந்ததாகவும், பேய்க்கெல்லாம் கதை சொல்ல அவர் மறுத்துவிட்டதாகவும் ராக்கன் காதில் போட்டான். அவள், "அவருக்குத் தொண்டை வேற சரியில்லை" என்று மட்டும் சொன்னாள்.

அன்னவாசல் பக்கமிருந்து ஒரு கூண்டு வண்டி வந்து நின்றது. உள்ளே புதுசாகக் கல்யாணமான ஜோடியும், கூட நாலு பெரியவர்களும். இறங்கப்போன கிழவர் தூணோரம் இருந்த வெள்ளைச் சேலையைப் பார்த்தார். விசாரித்தார். "புதுப் பொண்ணு மாப்பிள்ளையைக் கூட்டியாந்த எடத்துல இதென்ன கண்றாவி" என்று வண்டியைத் திருப்பச் சொல்லிவிட்டார். தங்கமுத்து பின்னாலேயே ஓடினார். வண்டி நிற்கவில்லை.

காத்தாயி பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். மடித்த வெற்றிலையை வாயில் போடாமல் கையிலேயே வைத்திருந்தாள்.

"பாத்தியா? இதுக்குத்தான் சொன்னேன்" என்று திரும்பி வந்த தங்கமுத்துவுக்கு மூச்சு வாங்கியது. "ஒரு வண்டி போச்சு."

"போச்சு" என்றாள் அவள். "நாளைக்கும் ஒண்ணு போகும், மொதலாளி. ஒங்களுக்கு நான் பொய் சொல்ல மாட்டேன்."

அவர் வாயைத் திறப்பதற்குள், செவந்தி தன் தெருவையே கூட்டிக்கொண்டு வந்து சேர்ந்தாள். இருபது பேருக்குக் குறையாது. நேற்று பின்வரிசையில் மிதிபட்ட ஆள் வந்திருந்தார். அமுக்கு என்று சொன்னவன் தன் பெண்டாட்டியோடு வந்திருந்தான். எல்லாரும் டிக்கெட் கொடுக்கும் இடத்தில் குவிந்து நின்றார்களே தவிர, யாரும் வாங்கவில்லை.

"என்னாச்சு, வாங்குறதுதானே?" என்றார் தங்கமுத்து.

"யாரு சொல்றா இன்னைக்கு?" என்று கேட்டாள் செவந்தி. "அவன்னா வாங்குறோம். வேற ஆளுன்னா நாங்க எதுக்கு வாரோம்? இவளுக எல்லாம் அந்தக் கல்யாணத்தைச் சரியாக் கேக்கணும்னு வந்திருக்காளுக."

தங்கமுத்து கூட்டத்தைப் பார்த்தார். வண்டி போன ரோட்டைப் பார்த்தார். தோளிலிருந்த துண்டை எடுத்து முகத்தை நிதானமாகத் துடைத்துக்கொண்டார்.

"எந்தப் பக்கம் நிப்பே?" என்றார் காத்தாயியிடம், அவள் முகத்தைப் பார்க்காமல்.

"பொம்பளைக பக்கம். அங்கிட்டுத்தான் கேள்வி கேக்குறவுக இருக்காக."

அவள் வெற்றிலையை வாயில் போட்டுக்கொண்டு எழுந்தாள். சேலையில் ஒட்டியிருந்த மணலைத் தட்டிவிட்டு, வாசல் வழியாகவே, டிக்கெட் வாங்கிக்கொண்டிருந்த ஜனத்துக்கு நடுவில் புகுந்து உள்ளே போனாள். வழிவிட்டவர்களில் ஒருத்தி தன் மகளின் தோளைத் தொட்டு, "இவதான்டி" என்றாள்.

"நான்தான். தள்ளி நில்லுத்தா, ஆட்டம் தொடங்கப்போகுது" என்றாள் காத்தாயி.